ஓம் என்றால் இன்னொரு முறை

நேற்று மகளோடு தொலைபேசியில் கதைத்துக்கொண்டிருந்தபோது வழக்கம்போல ஆம் என்பதற்கு "ஓம்" என்றேன். "ஓம் வா?" என்று டேனிஷில் திருப்பிக் கேட்டாள். எதைப் பற்றி என்று அர்த்தம். இங்கே டென்மார்க்கில் பிறந்த பிள்ளைக்குத் தாயை நக்கலடிக்க இது போதும். எனக்குச் சிரிப்பு வரவில்லை. உங்கள் ஞாபகம் வந்துவிட்டது, அப்பு.

ஒரு டேனிஷ் கிழவனை ஏன் பாட்டனைப் போல அப்பு என்று கூப்பிடுகிறாய் என்று நீங்கள் ஒரு நாளும் கேட்டதில்லை. ஹொல்ஸ்டெப்ரோ முதியோர் இல்லத்தில் உங்கள் கால்களைக் கழுவிவிடும் வேலை என்னுடையது. இடது காலில் இரண்டு விரல்கள் இல்லை. "கிரீன்லாந்து வைச்சுக்கொண்டுது" என்பீர்கள், பக்கத்து வீட்டுக்காரர் குடையை இரவல் வாங்கித் திருப்பித் தராத மாதிரி. பனிக்குள் நாய்வண்டிகளோடு போன பயணக் குழுவில் இளம் வயதில் படம் பிடிக்கப் போனவர் நீங்கள். குளிரில் கேமராவின் எண்ணெய் உறைந்து நின்றுவிட்டதையும், எண்ணெயை முழுக்கத் துடைத்துவிட்டு வெறும் இரும்பாக ஓடவிட்டதையும் எத்தனையோ தரம் சொல்லியிருக்கிறீர்கள். பாதி கேட்பேன், பாதி தூங்கி வழிவேன். அந்த மாதங்களில் எனக்குச் சரியான நித்திரை இல்லை. தம்பி சண்டை நடந்த வன்னிக்குள் அகப்பட்டிருந்தான்.

போர் முடிந்துவிட்டது என்று செய்தி வந்த கிழமை, பிரெடெரிசியாவிலிருந்து மச்சாள் தொலைபேசி எடுத்தாள். "இணையத்தில ஒரு வீடியோப் படம் போட்டிருக்கு. சனம் தண்ணிக்குள்ளால நடந்து வருது. தம்பி மாதிரி ஒராள் போறார், பாருங்கோ."

உங்களிடம் ஓடிவந்து சொன்னேன். பேரன் உங்கள் பழைய படங்களை ஏற்றித் தந்த கணினியை நீங்களே திறந்தீர்கள். அந்தக் கூட்டத்தில் ஒரு முகமும் தெளிவாக இல்லை. பலர் துவாயால் தலையை மூடியிருந்தார்கள்.

"முகத்தைத் தேடாதை, பிள்ளை" என்றீர்கள். "எங்கட படத்திலயும் ஒருத்தற்ற முகமும் தெரியாது. எல்லாம் தோல் தொப்பியும் உறைபனியும்தான். நடையைப் பார்." சொன்னது டேனிஷில். என் காதில் அது எங்கள் பேச்சாகவே நிற்கிறது.

வலது காலைச் சற்று வெளியே வீசி ஒருவன் தண்ணீரை விட்டு ஏறினான். தம்பி சைக்கிளால் விழுந்து முறித்துக்கொண்ட கால் அது.

"அவனோ?" என்றீர்கள்.

"ஓம்." அந்த நேரம் டேனிஷ் வாய்க்கு வரவில்லை.

படத்தைத் திருப்பி ஓடவிட்டீர்கள். "அவன்தானோ?"

"ஓம்."

மறுபடியும் ஓடவிட்டீர்கள். டேனிஷில் படம் பிடிப்பவர்களிடம் 'ஓம்' என்றால் 'இன்னொரு முறை' என்ற கட்டளை என்பது அப்போது எனக்குத் தெரியாது. நான் ஓம் ஓம் என்று அழ, நீங்கள் ஒவ்வொரு ஓமுக்கும் அவனைத் தண்ணீரிலிருந்து ஏற்றிக்கொண்டே இருந்தீர்கள். விஷயம் விளங்கியதும் இரண்டு பேரும் சிரித்தோம். அந்தக் கிழமை நான் சிரித்தது அப்போது மட்டும்தான்.

அதற்குப் பிறகு, தப்பி வந்த சனத்தை வைத்திருந்த எந்த முகாமிலும் அவனைக் கண்டவர் இல்லை. வேலை முடிந்ததும் உங்கள் அறைக்கு வருவேன். நீங்கள் கேட்காமலே படத்தைப் போடுவீர்கள். கோடை போய் இலை கொட்டத் தொடங்கிய ஒரு பின்னேரம், கணினியை மூடி மடியில் வைத்துக்கொண்டு, உங்கள் படத்தில் நாய்களுக்கு முன்னால் நடக்கும் கூட்டாளியைப் பற்றிச் சொன்னீர்கள். அவர் அந்தப் பயணத்திலிருந்து திரும்பவில்லை.

"எத்தினை வருசமாப் போட்டுப் பாத்தனான், பிள்ளை. நான் எடுத்ததுக்கு மேல அவன் ஒரு அடி நடக்கேல்லை."

எனக்குச் சரியான கோபம். எழுந்து போய்விட்டேன். அடுத்த நாள் வந்து கால் கழுவிவிட்டேன். குளிர்காலம் முடிவதற்குள் நீங்கள் போய்விட்டீர்கள்.

அந்தப் படத்தை அதற்குப் பிறகு நான் பார்க்கவில்லை. பார்க்காமல் இருப்பதும் ஒரு வேலைதான், அப்பு. களைத்துப் போகிறேன். ஆனால் ஞாயிற்றுக்கிழமைகளில் யாழ்ப்பாணத்திலிருக்கும் அம்மாவுக்கு அதை இன்னும் வாயால் ஓட்டிக் காட்ட வேண்டியிருக்கிறது.

"தம்பியை நீ கண்டனியெல்லே?"

"கண்டனான், அம்மா."

"நடந்துதானே வந்தவன்?"

"நடந்துதான். தண்ணியால ஏறிட்டான்."

"பிறகு?"

"லைன் வடிவாக் கேக்கேல்லை அம்மா, பிறகு எடுக்கிறன்" என்று வைத்துவிடுகிறேன்.