அக்காவின் முகம், என் வாய்

செப்டெம்பர் 3, 2024

அக்காவின் புதுப்படம் பதினான்காம் திகதி ரொறன்ரோவில். சந்திரவதனா அக்கா பாரிசில் இருபத்திரண்டு வருடமாகப் பரிசோதனைப் படங்களில் நடிக்கிறாள். ஒன்றில் நாற்பது நிமிடம் சுவரைப் பார்ப்பாள். இன்னொன்றில் சுவர் அவளைப் பார்க்கும். பிரெஞ்சுக்காரர் விருது கொடுக்கிறார்கள். இங்கே ரொறன்ரோ மோர்னிங்சைட்டில் எங்கள் சனம், "பாவம், ஒரு சீரியல்கூடக் கிடைக்கேல்லையோ?" என்கிறார்கள். சரி, அந்தக் கதையைத் தொடக்கிவிட்டவளே நான்தான்.

செப்டெம்பர் 5

போஸ்டரை ஐந்து வட்ஸ்அப் குழுக்களிலும் போட்டேன். மண்டபம் காலியாகக் கிடந்தால் குடும்பத்துக்கு அவமானம். நாற்பத்தாறு பேர் வருகிறார்கள். குழுக்களையெல்லாம் நடத்துகிற நாகமணி அன்ரி தன் யோகா வகுப்பையே கூட்டி வருகிறாராம்.

செப்டெம்பர் 11

அக்கா வந்துவிட்டாள்; நாலு நாளும் எங்கள் வீட்டில்தான். புட்டைக் குழைத்தபடி சொன்னாள்: "படத்திலை நான் ஒரு சொல்லும் கதைக்கேல்லை. முழுக்க உன்ரை குரல்தான்."

ஆறு வருடமாக அவளுக்கு நான் அனுப்பிய குரல் செய்திகள்! மாசியில் ஏதோ சம்மதக் கடிதம் அனுப்பியிருந்தாள். கூட்டத்தில் நிற்கிற வேடமாக்கும் என்று வாசிக்காமலே கையெழுத்து வைத்தேன்.

"எந்தக் கதையக்கா போட்டனி?"

"அங்கிளை முதியோர் இல்லத்திலை விட்டிட்டு நாகமணி அன்ரி கியூபாவுக்கு உலாப் போன கதை."

"ஐயோ! அந்த மனிசி மூண்டாவது வரிசையிலை இருக்கப்போகுது!"

"வேண்டாமெண்டால் சொல்லு. அந்தப் பகுதியைச் சத்தமில்லாமல் ஓடவிடுறன்."

செப்டெம்பர் 12

காய்ச்சல் என்று படுக்கலாமா? தேவைப்படுகிற நேரத்தில் எனக்கு மட்டும் ஏன் காய்ச்சல் வருவதில்லை?

செப்டெம்பர் 13

அந்தப் பகுதியை அக்கா லப்ரொப்பில் காட்டினாள். பதினொரு நிமிடமும் அவள் முகம் மட்டும். என் குரல் அன்ரியைக் கிழிக்கிறது. அக்கா சிரிக்கிறாள். சிரிப்பு மெல்ல மெல்ல நிற்கிறது. பிறகு அந்த முகத்தில் நடந்ததை எழுத எனக்குத் தெரியாது.

சத்தத்தை நிறுத்திவிட்டு இன்னொருமுறை பார்த்தேன். யாரோ ஒருத்தி காரணமில்லாமல் அழுகிறாள். அவ்வளவுதான்.

"என்ரை குரல் இருக்கட்டும், விடு" என்றேன்.

என்னத்தைச் சொல்லித் துலைச்சனான் —

செப்டெம்பர் 14

மண்டபம் நிறைந்தது. கியூபாக் கதை வந்தது. ஒருவரும் சிரிக்கவில்லை. மூன்றாவது வரிசையில் ஒரு தலைகூட அசையவில்லை.

விளக்குப் போட்டதும் வெள்ளைக்காரர் எழுந்து நின்று கைதட்டினார்கள். அக்கா மேடையில் குனிந்து வணங்கினாள். நாகமணி அன்ரி நேரே என்னிடம் வந்தார்.

"எல்லார் வீட்டுக் கதையும் கேட்டம், பிள்ளை. உன்ரை வீட்டுக் கதை ஒண்டையும் காணேல்லையே?"

கைப்பைக்குள் கார்த் திறப்பைத் தேடத் தொடங்கினேன்.

செப்டெம்பர் 22

அன்ரி என்னை எல்லாக் குழுக்களிலிருந்தும் தூக்கிவிட்டார். யோகாக்காரிகள் கடையில் கண்டால் மற்றப் பக்கத்தால் போகிறார்கள்.

பாரிசிலிருந்து அக்கா கேட்டாள்: "ஏனடி, ஒரு கிழமையாய் ஒரு கதையும் இல்லை?"

போனை எடுத்தேன். இரண்டு முறை பேசி அழித்தேன். மூன்றாவது முறை:

"அக்கா, இவர் கீழை பேஸ்மென்ரிலை தனியப் படுக்கத் தொடங்கி ஒன்பது மாசம். நீ நிண்டபடியால்தான் அந்த நாலு நாளும் மேலை வந்து படுத்தவர்."

அனுப்பிவிட்டேன்.