பெட்டிக்குள் இரண்டு மூச்சு

1961 செப்டம்பர் 4, திங்கள். பெர்கன்.

மழை. நாடக அரங்கின் அறிவிப்புப் பலகையில் புதுத் தாள்: தோர்டிஸ் க்வாமே மேடையேறி நாற்பத்தைந்து ஆண்டு நிறைவு, அக்டோபர் 14 அன்று சிறப்பு நாடகம், மீனவ விதவையாக அவளே. கீழே பொடி எழுத்தில்: அடியெடுத்துக் கொடுப்பவர் – லுண்டே.

நான்தான். மேடை விளிம்பில், தரைப்பலகைக்குக் கீழே ஒரு பெட்டி. தலை மட்டும் மேலே. மறந்துபோகும் நடிகர்களுக்கு அங்கிருந்து மெல்ல அடியெடுத்துக் கொடுப்பது என் வேலை. மொழியியலில் பட்டம் வாங்கியவன், இருபத்தைந்து வருடமாகப் பிறர் செருப்பைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

1936ஐ அவள் மறந்திருப்பாள். நான் மறக்கவில்லை. எனக்கு அது முதல் நாடகம். உச்சக் காட்சியில் அவள் பேச்சை நிறுத்தினாள். மறதி என்று நினைத்து அடியைக் கொடுத்தேன். கடைசி வரிசை வரை கேட்டது, சிரித்தார்கள். அது மறதி அல்ல, வேண்டுமென்றே விட்ட மௌனம். மறுநாள் உணவறையில், எல்லோர் முன்னாலும்: "நான் வாயை மூடினா இந்தப் பையனுக்கு பயம் வந்துடுது." நாடகத் தேர்வாளர் பதவிக்கு என் பெயர் போயிருந்த சமயம். அதோடு போயிற்று. அதன்பின் அவள் நடித்தால் பெட்டியில் வேறு ஆள். அந்த ஆளும் இப்போது ஓய்வு பெற்றாயிற்று.

செப்டம்பர் 12

முதல் ஒத்திகை. அவளுக்கு இப்போது அறுபத்து நான்கு வயது. குனிந்து பெட்டிக்குள் பார்த்தாள். "நீங்கதான் லுண்டேயா? முன்னாடி பார்த்திருக்கோமோ?"

பார்த்திருக்கிறோமோவாம்.

செப்டம்பர் 19

மூன்று வரிக்கு ஒரு வரி மறக்கிறாள். கொடுக்கிறேன், வாங்கிக்கொள்கிறாள். ஆனால் மூன்றாம் அங்கத்தில், விதவை ஜன்னலருகே நின்று பேசும் இடத்தில் மட்டும் – நான் வாயைத் திறக்கும் முன்பே அடி அவளுக்குக் கிடைத்துவிடுகிறது. தலையைச் சாய்த்துக் கேட்கிறாள். பிறகு பேசுகிறாள். இன்று மூன்று தடவை அப்படி.

ஒத்திகை முடிந்ததும் கேட்டாள். மேடையை விட்டிறங்கினால் ஃபெட்யே தீவுக்காரர்களின் இழுவை அவள் பேச்சில் வந்துவிடும். "உங்க பக்கத்துல இருக்கிறது யாரு லுண்டே?"

"யாரும் இல்லை, திருமதி க்வாமே. ஒரு ஆளுக்குத்தான் இடம்."

"அப்போ ரெண்டாவது மூச்சு யாரோடது?"

செப்டம்பர் 20

உணவறை மங்னாவிடம் சொன்னேன். காப்பி ஊற்றிக்கொண்டே சிரித்தாள். "போர்கில்டா இருக்கும். பாவம், போக இடம் இல்ல."

போர்கில்ட் எனக்கு முன் அந்தப் பெட்டியில் முப்பது வருடம் இருந்தவள். 1936 வசந்தத்தில் அங்கேயே இறந்தாள் என்று தெரியும். மற்றது இன்றுதான் தெரிந்தது.

"ரெண்டாவது அங்கத்துலயே உயிர் போயிடுச்சுன்னார் டாக்டர். நடிச்சவங்க ஒத்துக்கல. கடைசி வரி வரைக்கும் அவ கொடுத்தாளாம். வாயில எப்பவும் கற்பூர மிட்டாய். அந்த வாசனையும் வந்துச்சாம்."

கதை கட்டுகிறாள். நடிகர்களோடு பழகினால் அப்படித்தான்.

அக்டோபர் 1

திரைப்படச் சங்கத்தில் அவளுடைய பழைய ஊமைப்படம் போட்டார்கள். 1925இல் எடுத்தது, அவளுக்கு இருபத்தெட்டு. தீவிலிருந்து வந்த மீனவன் மகள், தலைநகரில் ஆறு வருடம், ஐந்து ஊமைப்படம், இரண்டு பேசும்படம் – உரை நிகழ்த்தியவர் சொல்லிக்கொண்டே போனார். கேட்க எரிச்சல்.

படகின் மேல்தட்டில் ஒரு காட்சி. அவள் நின்றுவிடுகிறாள். இடக்கை மோதிரத்தை மெல்லத் திருப்புகிறாள். பிறகு கீழே, வலப்பக்க மூலையைப் பார்க்கிறாள். யாரோ சொன்னதுபோல் தலையசைத்துவிட்டு நடிப்பைத் தொடர்கிறாள். ஊமைப்படத்தில் யார் அடியெடுத்துக் கொடுப்பார்கள்? கீழே தண்ணீர்தான் இருந்தது.

மோதிரத்தை ஏன் திருப்பினாள்?

அக்டோபர் 13

விடை கிடைத்தது. அவளே சொன்னாள்.

"நாளைக்கு நான் மோதிரத்தைத் திருப்பினா மௌனம்னு அர்த்தம். மறக்கலைன்னு அர்த்தம். அப்போ கொடுக்காதீங்க. போர்கில்டுக்கும் எனக்கும் அந்தக் காலத்துலேர்ந்தே இதான் சைகை."

"முப்பத்தாறுல எனக்கு இதை யாரும் சொல்லலையே."

குனிந்து என் முகத்தைப் பார்த்தாள். "அது நீங்களா? போர்கில்ட் சொல்லியிருப்பாள்னு நினைச்சேன்."

செத்தவள் எப்படிச் சொல்லுவாள்? ஒரு சைகை. ஒரே ஒரு சைகை. அதற்கு என் வாழ்க்கையே போயிற்றே.

அக்டோபர் 14, வீடு திரும்பிய பிறகு

உள்ளபடி எழுதுகிறேன்.

மூன்றாம் அங்கம், ஜன்னல். நின்றாள். மோதிரத்தைத் திருப்பினாள். பொறுத்தேன். எட்டு மூச்சு, பத்து மூச்சு. விரல் இன்னும் மோதிரத்தைத் திருப்பிக்கொண்டே இருந்தது. கண்ணைப் பார்த்தேன் – ஒன்றுமில்லை. அது மௌனம் அல்ல, மறதிதான். மெய்யாகவே மறந்துவிட்டாள்.

அடி, நாடகப் பிரதியில், என் விரலுக்குக் கீழே இருந்தது. கொடுக்கவில்லை. சைகை காட்டினாள், நான் கொடுக்கவில்லை: யாரும் என்னைக் குறை சொல்ல முடியாது. சிரிக்கட்டும், இந்த முறை அவளைப் பார்த்து என்று நினைத்தேன். நினைத்ததை மறைத்து எழுத மாட்டேன்.

அப்போது என் வலக்கன்னத்தில் குளிர்ந்த மூச்சு. கற்பூரம். அந்த வரி முழுதாக, நிதானமாக, என் காதருகே. நான் வாயைத் திறக்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டுதான் இருந்தேன்.

அவள் தலை நிமிர்ந்து பேசினாள். அரங்கத்தில் இருமல்கூட இல்லை.

முடிந்ததும் வந்து என் கையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டாள். "நிஜமாவே மறந்துட்டேன் லுண்டே. சைகையை மீறிக் கொடுத்தீங்க பாருங்க. முப்பத்தாறுக்கு நான்தான் மன்னிப்புக் கேக்கணும்."

அந்த வார்த்தைகளை வாங்கிக்கொண்டேன்.

அக்டோபர் 16

பத்திரிகை அந்த மௌனத்துக்கு மட்டும் ஒரு பத்தி ஒதுக்கியிருக்கிறது.

1962 ஜனவரி 23

தோர்டிஸ் க்வாமே ஞாயிறன்று தூக்கத்தில் இறந்துவிட்டார். இன்று அடக்கம். உறவினர் வரிசையில் எனக்கு இடம் போட்டு வைக்கும்படி அவரே எழுதிவைத்திருந்தாராம். போய் உட்கார்ந்தேன். அன்று அடி கொடுத்தது நான் இல்லை என்ற உண்மையைச் சொல்வதற்காக, போன வாரம்கூட அவர் வீட்டு வாசல் வரை நடந்தேன். மணியை அடிக்காமல் திரும்பினேன்.

பிப்ரவரி 27

புது நாடகம். இரண்டாம் அங்கத்தில் புது நடிகன் ஒருவன் மறந்து விழித்தான். நான் பிரதியைப் பார்த்தேன்: வரி கிடைக்கவில்லை. இருபத்தைந்து வருடத்தில் முதல் தடவை, விரல் எங்கோ போயிருந்தது. அவன் என்னையே பார்க்கிறான்.

வலப்பக்கத்திலிருந்து அடி வந்தது. கற்பூர வாசனை இல்லை. ஃபெட்யே தீவின் இழுவை.

கேட்டதை அப்படியே அவனுக்குக் கொடுத்தேன்.

பிறகு வலப்பக்கம் இடம் விட்டு, இடப்பக்கப் பலகையோடு ஒட்டி உட்கார்ந்துகொண்டேன். பெட்டியில் ஒரு ஆளுக்குத்தான் இடம்.