கேமராவுக்கு முன்னால் என் கைகள்

அன்புள்ள அக்கா,

நம் நைனா தூங்கிய பிறகு எழுதுகிறேன்.

நம் எர்ணாவூருக்கு வீடியோக் கலைஞர் ஒருவர் வந்திருந்தார். ஆலையில் கேஸ் கசிந்த அன்று உடம்பு என்ன செய்தது என்று பேசாமல் செய்துகாட்டச் சொன்னார். எல்லாப் பெண்களும் ஈரத்துணியால் மூக்கைப் பொத்துவதுபோல் செய்தார்கள். என் முறை வந்ததும் என் கைகள் தாமாகவே தலையை மூடிக்கொண்டன.

"இன்னாடி, கேஸுக்கு மூக்க மூடாம மண்டைய மூடிக்கினு கீறே?" என்று அடுத்து நின்ற சௌமியா சிரித்தாள். கலைஞர் சிரிக்கவில்லை.

நாளை சாயங்காலம் மீன்வலை பின்னும் கூடத்துச் சுவரில் அந்த வீடியோவைப் போடுகிறார்கள். நைனாவும் வருவார். அந்தக் கைகள் எதற்கென்று அவருக்குத் தெரியும். அதைப் பார்த்தபின் அவரோடு வீட்டுக்குத் திரும்பப் பயமாக இருக்கிறது.

கல்மண்டபத்தில் உன் புருஷன் வீட்டிலிருந்து வந்துவிடு அக்கா. உனக்குக் கல்யாணமாகும்வரை என் தலைக்குமேல் உன் கைகள்தானே இருந்தன.

உன் தங்கச்சி