ஆணியில் தொங்கிய பேட்ஜ்

ஜூன் 2
காரைக்கால் வந்து மூணு நாள் ஆச்சு. டீக்கடை பஞ்சநாதன் எனக்கு மட்டும் பேப்பர் கப் தர்றார். அணு உலைக்காரன் தொட்ட கிளாஸ் இருட்டில் மின்னுமாம், யாரோ ஓதிவிட்டிருக்காங்க. “கரண்ட் போனா உபயோகப்படும்ல” என்றேன். சிரிக்கவில்லை.

ஜூன் 3
நாகூர் மீரான், அதான் நான், வாயைத் திறந்தாலே கதைன்னு ஊர் சொல்லும். அதனால் எழுதி வைக்கிறேன்.

வெளிநாட்டு அணு உலை ஒண்ணில் நானும் என் தங்கச்சி மாப்பிள்ளை நஸ்ருதீனும் ஒப்பந்தத் துப்புரவு. உடம்பில் எவ்வளவு கதிர் பட்டதுன்னு சட்டையில் குத்துற பேட்ஜ் காட்டும். அளவு கூடினா ஊருக்கு அனுப்பிடுவாங்க. அதனால் டீ ரூம் ஆணியில் பேட்ஜை மாட்டிட்டுத்தான் எல்லாரும் உள்ளே போவோம். சூப்பர்வைசரே கண்ணடிப்பார். பேட்ஜ் ஓய்வெடுக்கும், நாங்க வேகுவோம்.

அன்னிக்கும் அப்படித்தான். குழாய் வெடிச்சு, உலைத் தண்ணி ஆவியா பம்ப் அறை முழுக்கப் பரவுச்சு. நான் வாசலில், கையில் துடைப்பம். கால் நகரல. நஸ்ருதீன் உள்ளே ஓடி ரெண்டு பேரை இழுத்து வந்தார். மூணாவது தடவை தனியா வந்தார், முகமெல்லாம் செவந்து. “பழைய சாவியைக் கடிச்ச மாதிரி இருக்கு மச்சான் வாயி” என்றார்.

ஜூன் 9
என்னை ஊருக்கு அனுப்பிட்டாங்க, நஸ்ருதீன் இன்னும் அந்த நாட்டு ஆஸ்பத்திரியில். கம்பெனி அதிகாரி போனில் சொல்றார்: பேட்ஜில் பூஜ்யம், அதனால் வெறும் சுடுதண்ணிக் காயம், கதிர் வார்டு கிடையாது.

பேட்ஜ் ஆணியில் இருந்துச்சுங்க என்றேன்.

“அப்ப விதியை மீறினது நீங்கதான். பதியட்டுமா?”

பதிஞ்சா தப்பு நஸ்ருதீன் தலையில். பதியலேன்னா அவர் மேல கதிரே படல. என்னதான் செய்யறது — யாரைக் கேக்கறேன் நான்?

ஜூன் 10
பதியச் சொல்லிட்டேன். கம்பெனிகிட்டேருந்து பதில் இல்லை.

ஜூன் 13
தங்கச்சி சஜிதா வீடியோவில் புருஷனைப் பார்த்துட்டு வந்தா. தலையணை பூரா கொட்டின முடியாம்.

“சுடுதண்ணிக்கு முடி கொட்டுமா நானா?”

“எனக்குக் கொட்டறதுக்கே ஒண்ணும் இல்ல பாரு” என்று வழுக்கையைத் தடவிக் காட்டினேன். இப்படியும் ஒரு வாய் எனக்கு.

ஜூன் 17
நஸ்ருதீன் மௌத்.

ஜூன் 25
அவர் உடம்பு பெட்டியில் வந்தது. ஈயம், சுத்தி பற்றவைப்பு. திறக்கக் கூடாது, குளிப்பாட்டக் கூடாது, தொடக் கூடாதுன்னு கூட வந்த ஆள் சொன்னார். குளிப்பாட்ட வந்தவங்க வாளித் தண்ணியோடு அப்படியே நின்னாங்க.

“ஒண்ணுமே படாத மனுசனுக்கு எதுக்கு நானா ஈயப் பெட்டி?” சஜிதா கேட்டா.

ஊருக்கே பதில் வச்சிருக்கிற வாய். வாளியை வாங்கித் தண்ணியை வாசலில் ஊத்தினேன்.

தள்ளி நின்னு தொழுதோம். குழியில் சிமெண்ட் கொட்டினாங்க.

அவர் சாமானோடு பேட்ஜும் வந்திருந்துச்சு, புதுசு மாதிரி. “இதை மட்டும் தொடலாமாம்” என்றாள் சஜிதா. அவர் சட்டை மாட்டுற ஆணியில் அதை மாட்டினாள்.