பச்சை பூசிய கண்ணாடி

அன்புள்ள பெரியவனுக்கு, அம்மா எழுதுவது.

இங்கே மூன்று பேரும் உயிரோடு இருக்கிறோம், வேளைக்கு ஏதோ சாப்பிடுகிறோம், நீயும் கிரேன் ஏறுவதற்கு முன்னால் வயிற்றுக்கு ஏதாவது போட்டுக்கொண்டுதான் ஏறுகிறாய் என்று நம்புகிறேன். போனில் பேசாமல் ஏன் எழுதுகிறாள் என்று நினைப்பாய். நம் வீடு உனக்குத் தெரியாததா, ஓர் அறையில் இருமினால் அடுத்த அறையில் கேட்கும். உன் தங்கை எந்நேரமும் விளக்கை அணைத்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறாள், காது மட்டும் எங்கள் பக்கம்தான். உங்கள் இரண்டு பேரையும் கண்ணு, கண்ணு என்றே கூப்பிட்டு வளர்த்தவள் நான். இப்போது அவளை அப்படிக் கூப்பிட வாய் வரவில்லை. பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் யாரையோ கூப்பிடுகிற மாதிரி இருக்கிறது.

அன்று கம்பெனியில் என்ன நடந்தது என்று நீ கேட்கும்போதெல்லாம் அப்புறம் சொல்கிறேன் என்றேன். இப்போது சொல்கிறேன். தையல் ஹாலின் ஜன்னல் கண்ணாடிகளுக்கெல்லாம் பச்சை பெயின்ட் அடித்து வைத்திருந்தார்கள். கேட்டால் வெயில் வராமல் இருக்க என்பார்கள், பெண்கள் வெளியே பார்த்துக்கொண்டு வேலையைக் கெடுக்கிறார்கள் என்பதுதான் காரணம். தண்ணீர் குடிக்கப் போகிற வழியில் இருக்கும் ஜன்னலில் மட்டும் உள்ளங்கை அளவுக்குப் பெயின்ட் உரிந்து இருந்தது. போகும்போது ஒருத்தி, வரும்போது ஒருத்தி, ஒரு கண்ணை வைத்து ரோட்டையும் மேகத்தையும் பார்த்துவிட்டு வருவோம். யார் சுரண்டினது என்று ஒருநாள் விசில் எல்லோரையும் நிற்க வைத்துக் கேட்டான். எங்கள் சூப்பர்வைசருக்கு அதுதான் பெயர், கழுத்தில் எப்போதும் விசில் தொங்கும். ஒருத்தி நகத்தில் பச்சை இருந்தால் பிடித்திருப்பான், எல்லோர் நகத்திலும் இருந்தது. விசிலைச் சுழற்றிக்கொண்டு போய்விட்டான்.

அன்று காலை திடீரென்று ஹால் முழுக்கப் பச்சையாக எரிந்தது. குளத்துக்கு அடியில் உட்கார்ந்திருப்பது போல, பக்கத்தில் இருந்தவள் முகம், நூல்கண்டு, என் கை எல்லாம் பச்சை. சுரண்டின இடம் வழியாக மட்டும் வெள்ளையாக ஒரு வெளிச்சத் துண்டு உள்ளே விழுந்து, தரையில், மிஷின் மேல், என் விரல் மேல் ஏறி இறங்கி ஓடியது. வெளியே யாரோ சூரியனைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடின மாதிரி. சத்தமே இல்லை. பெண்கள் எழுந்து அந்த ஜன்னலுக்கு ஓடினார்கள். செக்கிங் டேபிளில் இருந்த உன் தங்கைதான் முதலில். விசில் ஊதினான், எவளும் எந்திரிக்கக் கூடாது, எந்திரிச்சா அப்படியே வீட்டுக்குப் போயிடு என்று கத்தினான். நான் எழவில்லை. குனிந்து கையில் இருந்த காலரைத் தைத்தேன். வெளிச்சம் அடங்கிய பிறகும் அவர்கள் அங்கேயே நின்று, ஏய் தள்ளுடி, எனக்குக் காட்டுடி, புகைக்கோடு தெரியுதுடி என்று ஒருத்தி முதுகில் ஒருத்தி சாய்ந்து சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. காலரின் கடைசித் தையலைப் போட்டேன், அப்போதுதான் இடித்தது. கண்ணாடி எல்லாம் உள்ளே வந்தது.

நீ பிறகு போனில் விளக்கினாய். வானத்திலிருந்து வந்த கல், சத்தத்தைவிட வேகமாக வந்து உயரத்திலேயே வெடித்தது, வெளிச்சம் உடனே வந்துவிடும், காற்றின் அடி பின்னால்தான் வரும், நடுவில் இருக்கிற நேரத்தில் ஜன்னலை விட்டு விலகிப் படுத்திருந்தால் போதும் என்றாய். எந்தக் காலத்திலோ மலை அளவு கல் விழுந்து உலகமே இருண்டு, பெரிய பெரிய மிருகமெல்லாம் பூண்டோடு அழிந்தது, இது அதில் தூசு என்றாய். தூசுதான். ஆனால் அந்த நடுநேரத்தை எனக்கு யாரும் முன்னால் சொல்லித் தரவில்லை. இப்போது யாராவது விளக்கைப் போட்டால்கூட இடிக்காகக் காத்திருக்கிறேன். அன்று வேனோடு ரோட்டில் இருந்த உன் அப்பாவும் அப்படித்தான், எதிரில் வண்டி வெளிச்சம் அடித்தால் வேனை ஓரம் கட்டி நிறுத்தி, காதைப் பொத்திக்கொள்கிறார், பின்னால் வருகிறவர்களிடம் திட்டு வாங்குகிறார். அன்று தைத்த காலரைப் பிறகு எடுத்துப் பார்த்தேன், ஒரு தையல்கூடக் கோணவில்லை. அதை நினைத்தால்தான் எனக்கு என் மேலேயே பயமாக இருக்கிறது.

கல்லைத் தேடிப் படித்தவர்கள் கூட்டமாக வந்தார்கள், காந்தம் கட்டின கோலால் வயலெல்லாம் தடவினார்கள். பட்டாணி அளவு ஒன்று கிடைத்ததும் பஞ்சில் சுற்றி டப்பாவில் வைத்தார்கள். ஆஸ்பத்திரியில் உன் தங்கைக்குப் பஞ்சு இல்லை, வெளியில் வாங்கிட்டு வாங்கம்மா என்றார்கள். எதிர்வீட்டு வெத்துவேட்டு ரோட்டில் கிடந்த கருங்கல்லை அடுப்பில் வாட்டி, ஆகாசக் கல்லு, தொட்டுப் பாருங்க இன்னும் சூடு என்று விற்றான். வாங்கினவன் சூடா இருக்கே, விழுந்து நாலு நாள் ஆச்சே என்று கேட்டதற்கு, தூரத்துலேருந்து வந்ததில்ல, ஆற நாளாகும் என்றானாம். அதற்கு மட்டும்தான் உன் தங்கை இத்தனை நாளில் ஒருமுறை சிரித்தாள்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். நாளை விசாரணைக்கு அதிகாரி வருகிறார். மேனேஜர் என்னை ரூமுக்குள் கூப்பிட்டு நாற்காலியில் உட்காரவே சொன்னார், இத்தனை வருஷத்தில் முதல் தடவை. நீங்க ரூல்ஸை மதிச்சு இடத்துல இருந்தீங்க, உங்களுக்கு ஒரு கீறல் இல்ல, எந்திரிச்சுப் போனவங்களுக்குத்தான் இப்படி ஆச்சு, இதை மட்டும் அதிகாரிகிட்ட சொல்லுங்கம்மா, வானத்துலேருந்து விழுறதுக்கு நாங்க என்ன பண்ண முடியும், உங்க பொண்ணுக்கு பேக்கிங்ல உட்கார்ந்து செய்யற வேலை போட்டுத் தரேன் என்றார். சொல்லாவிட்டால் என்ன என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. இதைச் சொன்னதும் நீ என்ன சொல்வாய் என்று தெரியும், வம்பு எதுக்கும்மா, தலையாட்டிட்டு வந்துடு என்பாய். உன் அப்பாவும் அதையேதான் சொன்னார். நானும் தலையாட்டத்தான் இருந்தேன். ஒற்றைக் கண்ணோடு அவளுக்கு யார் வேலை தருவார்கள், நான் எத்தனை நாள் இருப்பேன் என்று எல்லாம் யோசித்தேன்.

இன்று மத்தியானம் புதுக் கண்ணாடி வந்து மாட்டினார்கள். மாட்டின கையோடு பெயின்டர் பச்சை டப்பாவைத் திறந்தான், அதே பச்சை. வீட்டுக்கு வந்து மேனேஜர் கேட்டதையும் இதையும் உன் அப்பாவிடம் மெதுவாகத்தான் சொன்னேன், உள் அறையிலிருந்து அவள் கேட்டுவிட்டாள். எழுந்து வந்து நிலைப்படியில் நின்று, அந்த வெளிச்சத்தை நீ பார்த்தியாம்மா என்றாள். இல்லடி, தரையைத்தான் பார்த்தேன் என்றேன். நான் பார்த்தேன் என்றாள். அவ்வளவுதான், அழவில்லை, திரும்பப் போய்ப் படுத்துவிட்டாள்.

நாளை நான் சொல்லப்போவது இதுதான். நான் உட்கார்ந்திருந்தது புத்தியால் இல்லை, விசிலுக்குப் பயந்து. அவர்கள் ஓடினது திமிரால் இல்லை, ஆகாயத்தைப் பார்க்கவே விடாத இடத்தில் ஆகாயம் எரிந்தால் யார்தான் ஓடமாட்டார்கள். பச்சை அடிக்காமல் இருந்திருந்தால் அவரவர் இடத்திலிருந்தே பார்த்திருப்பார்கள், ஒரே ஜன்னலில் அத்தனை முகம் சேர்ந்திருக்காது. கல் மேலிருந்து வந்தது, பெயின்ட் மேலிருந்து வரவில்லை. இதற்கு அப்புறம் எங்கள் இரண்டு பேருக்கும் அங்கே வேலை இருக்காது. கோபப்படாதே, பயப்படவும் செய்யாதே, பக்கத்துத் தெருவில் மிஷின் போடலாமா என்று விசாரித்திருக்கிறேன்.

நீ நல்லா இருக்கணும், போகிற உயரமெல்லாம் பத்திரமாகப் போய்ப் பத்திரமாக இறங்கணும். தங்கைக்குத் தனியாக இரண்டு வார்த்தை பேசு, அனுதாபமாகப் பேசாதே, எப்போதும் போல வம்புக்கு இழு. ஒன்று மறக்காதே, எப்போதாவது சத்தமில்லாமல் பெரிய வெளிச்சம் வந்தால் ஜன்னலை விட்டு ஓடிக் குப்புறப் படுத்துக்கொள். மற்ற நாளில் யார் விசில் அடித்தாலும் தலையை நிமிர்த்தி வெளியே பார்.

இப்படிக்கு,
நாளை எழுந்து நிற்கப்போகிற உன் அம்மா