மஞ்சள் வால்

மார்ச் 3, செவ்வாய்

மூன்றாம் எண்ணும் போய்விட்டது.

காலையிலிருந்து ஆன்டெனாவைத் தூக்கிக்கொண்டு ஓடைக்கரையில் அலைந்தேன். தரையில் எங்கும் சிக்னல் இல்லை. எரிச்சலில் ஆன்டெனாவை மேலே திருப்பினேன் — டிக் டிக்கென்று அடிக்கிறது! சாரைப்பாம்புக்கு அறுபதடி மரத்தின் உச்சியில் என்ன வேலை? அங்கே இருப்பது பாம்புக்கழுகின் கூடு. நாசமாய்ப் போகிற கூடு.

ஏழு சாரைகளைப் பிடித்து, மயக்க மருந்து கொடுத்து, என் கையாலேயே வயிற்றைக் கீறி டிரான்ஸ்மிட்டர் வைத்துத் தைத்தேன். அவை எங்கே இரை தேடுகின்றன, எங்கே பதுங்குகின்றன என்று ஒரு வருஷம் பின்தொடர வேண்டும். நான்கு மாதத்துக்குள் மூன்று காலி: முதலாம் எண், நான்காம் எண், இப்போது இது.

இந்த ஆய்வு நிலையத்தில் இரண்டே அறை. பக்கத்து அறையில் என் தங்கை. அவள் ஆராய்வது அதே கழுகை! சாப்பிடும்போது சிரித்துக்கொண்டே சொல்கிறாள்: "குஞ்சு இன்னிக்கு முழுச் சாரையை உள்ள தள்ளிடுச்சுக்கா!" தட்டை அப்படியே வைத்துவிட்டு எழுந்துவிட்டேன்.

மார்ச் 5, வியாழன்

மிச்சமிருக்கும் நான்கையும் இரண்டு நாளாகத் தேடிப் பிடித்து, வாலில் மறுபடி நெயில் பாலிஷ் பூசினேன். நல்ல எலுமிச்சை மஞ்சள். புல்லுக்குள் கிடந்தாலும் கிட்டே போய்க் கலைக்காமல் அடையாளம் தெரிய வேண்டுமே. என் சொந்த யோசனை, பேராசிரியரே பாராட்டினார்.

தங்கை எட்டிப் பார்த்தாள். "அக்கா, இது எனக்கே மரத்தடியிலேர்ந்து பளிச்சுனு தெரியுது."

"அதுக்குத்தானேடி பூசறேன்."

மேலே ஏதோ சொல்ல வாயெடுத்தாள். உன் வேலையைப் பாரு என்றேன்.

மார்ச் 9, திங்கள்

ஐந்தாம் எண். அதே மரம்.

அம்மாவிடம் போனில் கத்தித் தீர்த்தேன். "சின்ன வயசுலேர்ந்தே நீங்க ரெண்டு பேரும் கீரியும் பாம்பும்தானே" என்று சிரிக்கிறாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

மார்ச் 13, வெள்ளி

இரண்டாம் எண், ஆறாம் எண். இரண்டும் ஒரே வாரத்தில்.

பேராசிரியர் சொல்லிவிட்டார்: "ஒரு பாம்பாவது வருஷம் முடியற வரைக்கும் உயிரோட இருக்கணும்மா. இல்லேன்னா மூட்டை கட்ட வேண்டியதுதான்." அந்த ஒன்று இப்போது ஏழாம் எண்தான்.

ஒரு கவண் கிடைக்குமா என்று யோசித்தேன். வெட்கமாகக்கூட இல்லை.

மார்ச் 14, சனி

தங்கை குளிக்கப் போன நேரத்தில் அவள் நோட்டை எடுத்தேன். தப்புதான். எடுத்தேன்.

ஆண் கழுகு பாம்பின் தலையை நசுக்கி, முக்கால்வாசி விழுங்கி, வாலை மட்டும் அலகில் தொங்கவிட்டபடி கூட்டுக்கு வருகிறது. குஞ்சு அந்த வாலைப் பிடித்து வெளியே இழுத்துத் தின்கிறது. ஒவ்வொரு தடவைக்கும் ஒரு வரி எழுதி வைத்திருக்கிறாள். மொத்தம் பதினேழு பாம்பு. அதில் ஆறு வரிகளில் — 'வால் மஞ்சள்.'

காடு முழுக்கப் பாம்பு இருக்க, என் ஏழில் ஆறா? மணிக்கணக்காக ஒரே கிளையில் அசையாமல் உட்கார்ந்து கீழே புல்லையே பார்க்கிற பறவை அது. அதன் கண்ணில் படட்டும் என்று நானேதான் பூசி அனுப்பியிருக்கிறேன். படித்தவளாம் நான்!

குளித்துவிட்டு வந்தவளிடம் நோட்டை நீட்டினேன். "தெரிஞ்சும் பார்த்துக்கிட்டே இருந்தியாடி?"

"சொல்ல வந்தேன். உன் வேலையைப் பாருன்னே. பார்த்தேன்."

கையை ஓங்கிவிட்டேன். அவள் நகரவில்லை. "எனக்கும் குஞ்சு பொழைக்கணும்ல? வருஷத்துக்கு ஒரே ஒரு முட்டைதான்க்கா இதுக்கு." அதைச் சொல்லும்போது அவள் குரல் உடைந்தது. கொஞ்சங்கூட இரக்கம் வரவில்லை எனக்கு.

மார்ச் 15, ஞாயிறு

நெயில் பாலிஷ் ரிமூவர் அவளிடம்தான் இருக்கிறது. போய்க் கேட்க வேண்டியதாயிற்று. எடுத்துக் கொடுத்தாள்.

ஆறு மணி நேரம் தேடினேன். கழுகு அதன் கிளையில் கொண்டையை விரித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. நான் முறைத்தேன், அதுவும் முறைத்தது. மூன்று மணிக்குக் கரையான் புற்றருகே ஏழாம் எண் கிடைத்தது. வாலைத் துடைத்தேன், மறுபடி துடைத்தேன். என் கையைக் கடித்துவிட்டது. விஷமில்லை. கடிக்கட்டும், கடிபட வேண்டியவள்தான் நான்.

மார்ச் 16, திங்கள்

ஏழு இருக்கிறது. நாங்கள் இருவரும் பேசிக்கொள்வதில்லை.

மார்ச் 24, செவ்வாய்

ஒன்பது நாளாகிறது, இன்னும் இருக்கிறது! நேற்று முழுக்கக் குஞ்சுக்கு ஒன்றும் வரவில்லை என்று தங்கை சமையலறையில் முணுமுணுத்தாள். காதில் விழாத மாதிரி பாத்திரம் கழுவினேன். சந்தோஷமாக இருந்தது. இங்கேகூடப் பொய் எழுதி என்ன ஆகப்போகிறது?

மார்ச் 27, வெள்ளி

காலை பதினொரு மணிக்கு ஏழாம் எண்ணின் சிக்னல் திடீரென்று நகர்ந்தது. பாம்பு போகிற வேகம் இல்லை அது. மரத்தடிக்கு ஓடினேன். மறைவுக் கூடாரத்துக்குள் தங்கை நகர்ந்து இடம் விட்டு, பைனாகுலரை என் கையில் திணித்தாள்.

ஆண் கழுகு கூட்டில் வந்து இறங்கியது. அலகில் தொங்கிய வால் வெறும் பழுப்பு. எங்காவது ஓரத்தில் மஞ்சள் விட்டுவைத்தேனா என்று உற்று உற்றுப் பார்த்தேன். இல்லை. சுத்தமாகத்தான் துடைத்திருக்கிறேன். அது தானாகவே பார்த்துப் பிடித்திருக்கிறது. குஞ்சு வாலைக் கவ்வி இழுக்க இழுக்க, என் காதில் டிக் டிக்கென்று கேட்டுக்கொண்டே இருந்தது.

"அழுதுடுக்கா" என்றாள் தங்கை.

"அழலடி" என்று சொல்லி அழுதேன்.

மத்தியானம் பேராசிரியருக்கான கடைசிப் படிவத்தை நிரப்ப உட்கார்ந்தேன். அதில் 'இறப்புக்குக் காரணம்' என்று ஒரு கட்டம். ஆறு பாம்புகளுக்கு நேரே 'ஆய்வாளர் பூசிய நெயில் பாலிஷ்' என்று ஆறு தடவை முழுசாக எழுதினேன். ஏழாவதற்கு மட்டும் 'கழுகு' என்று எழுதினேன்.