சிவப்பு மெஷினில் இனி எதுவும் இல்லை

அன்புள்ள செல்வி அக்காவுக்கு, உன் தங்கை லிடியா எழுதுவது.

ஆண்டவர் உன்னையும் மாமாவையும் காப்பாராக. தேசப்பன் மாமாவை இனி அப்படித்தானே கூப்பிட வேண்டும்? இதை முதலிலேயே எழுதிவிடுகிறேன். போகப்போக நேரம் இருக்குமா தெரியவில்லை.

சமையலறையில் கேஸ் சிலிண்டருக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிறேன். உன் சிவப்பு கேம் மெஷினும் என் நீல மெஷினும் தரையில் பக்கத்தில் பக்கத்தில் திறந்து கிடக்கின்றன. அந்த வெளிச்சத்தில்தான் எழுதுகிறேன். சிவப்பில் இருப்பதெல்லாம் நீலத்துக்குப் போய்க்கொண்டிருக்கிறது. திரையில் ஒரு கோடு நீள்கிறது, இன்னும் பாதி வரவில்லை. முடியும்வரை மூடியைச் சாத்தக்கூடாது, அணைக்கக்கூடாது, நடுவில் நின்றால் எல்லாமே அழிந்துவிடலாம் என்று ஆரம்பத்திலேயே எச்சரிக்கை வந்தது. ஹாலில் பிராங்க்ளின் சித்தப்பா படுத்திருக்கிறார். கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தால் நகராததுபோல் இருக்கிறது. அதனால் எழுதுகிறேன்.

நீ மாமாவோடு போன மறுநாளிலிருந்து சித்தப்பா நம் வீட்டிலேயேதான் இருக்கிறார். லாரி ஷெட்டிலிருந்து இரண்டு ஆட்களைக் கூட்டிவந்திருக்கிறார். அவர்கள் வாசலில் நிற்கும் வேனில் தூங்குகிறார்கள். அம்மாதான் மூன்று வேளையும் அவர்களுக்குச் சோறு போடுகிறாள். இன்றைக்குச் சித்தப்பா இடையஞ்சாவடிக்குப் போய், மாமா வேலை செய்த ரிப்பேர் கடையில் சண்டை போட்டிருக்கிறார். கடைக்காரர் பயந்துபோய், “போன்ல எங்க சார் பேசுனாங்க, எல்லாம் கேம்லதான்” என்று சொல்லிவிட்டாராம். வந்ததும் உன் துணிப்பெட்டியைக் கவிழ்த்தார். சிவப்பு மெஷின் கிடைத்துவிட்டது.

ராத்திரி சாப்பாட்டு நேரத்தில் என்னைக் கூப்பிட்டார். “நீதான எந்நேரமும் இத நோண்டிக்கினு இருப்ப, தொறந்து காட்டு” என்றார். நான் அதில் கார்டு போட்டு விளையாடுகிற அந்த மீன்பிடி விளையாட்டை மட்டும் திறந்தேன். ஒன்றுமில்லை, இவ்வளவுதான் இருக்கிறது என்றேன். அவர் கையில் கொடுத்தபோது தூண்டில் இழுத்தது. சித்தப்பா ஒரு மீனைப் பிடித்துவிட்டார். வேன் ஆள் ஒருவன் எட்டிப் பார்த்து, “அண்ணே, வஞ்சிரம் மாதிரி இருக்குது” என்றான். “வஞ்சிரம் எங்கடா இந்தக் கலர்ல இருக்குது, மூடிக்கினு பாரு” என்றார் சித்தப்பா. தட்டில் சோறு ஆறுகிறவரை விளையாடினார் அக்கா. எனக்குச் சிரிப்பு வரப் பார்த்தது. அப்புறம் அவருக்கே ஞாபகம் வந்துவிட்டது. மெஷினைக் கீழே வைத்து, “லெட்டரு எங்க?” என்று கேட்டார். எனக்குத் தெரியாது என்றேன்.

அவர் அடிக்கவில்லை. என் தலையைத் தடவி, “தெரியலன்னா பரவாயில்லம்மா. திண்டிவனத்துல ஒருத்தன் இருக்கான், உள்ள இருக்கறத எல்லாம் உருவி எடுத்துடுவான்” என்றார். அடித்திருந்தால் இவ்வளவு பயந்திருக்க மாட்டேன். காலையில் அங்கே கொண்டுபோகப் போகிறார். அதுவரை பீரோவில் வைத்துப் பூட்டச் சொன்னார்.

அந்தக் கடிதங்களைப் பற்றி எனக்கு எப்போதோ தெரியும். நீ கவனித்திருக்க மாட்டாய். ஞாயிற்றுக்கிழமை பூசையில் உன் பையின் ஓரத்தில் ஒரு பச்சை விளக்கு எரியும். அதே நேரத்தில் கோவில் வாசலில் மாமாவின் பைக் மெதுவாகப் போகும். மூடி வைத்திருந்தாலும் இரண்டு மெஷின் பக்கத்தில் வந்தால் தாமாகவே கடிதம் மாற்றிக்கொள்ளும் என்று எனக்குச் சொல்லிக்கொடுத்ததே நீதானே. உன் போனைச் சித்தப்பா வாங்கி வாங்கிப் பார்த்தார். விளையாட்டுச் சாமானை யார் பார்க்கப் போகிறார்கள்? நானும் ஒருநாளும் அவற்றைத் திறந்து படித்ததில்லை.

இன்றைக்குத் திறந்தேன். உள்ளே என்ன இருக்கிறது என்று தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. கடைசிக் கடிதத்தில் மாமா திரையில் தன் கையாலேயே எழுதியிருக்கிறார். ஊர், தெரு, எந்தக் கடைக்கு மேலே அறை, எங்கே இறங்க வேண்டும், எல்லாம் இருக்கிறது. நீ வழி தவறிவிடக்கூடாது என்று ஒரு பஸ்கூட வரைந்திருக்கிறார். நீ அதை அழிக்காமலேயே போய்விட்டாய். ஊர் பெயரை இந்தக் காகிதத்தில் எழுதமாட்டேன்.

மெஷினை உப்புப் பாத்தியில் போட்டுவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். காணோம் என்றால் அம்மாவைத்தான் கேட்பார்கள், பீரோ அவள் பொறுப்பு. எல்லாவற்றையும் அழிக்க அதிலேயே வழி இருக்கிறது, கொஞ்ச நேரத்து வேலைதான். அதுவரைக்கும் போனேன். அழிப்பதற்கு முன்னால் இன்னொரு கடிதத்தைத் திறந்துவிட்டேன். உப்புக் குவியல் பக்கத்தில் நீ குடையோடு நிற்கிற மாதிரி மாமா வரைந்து, ‘குடைக்காரிக்கு இன்றைக்கு என்மேல் கோபம்’ என்று எழுதியிருந்தார். உன் மூக்கு அப்படியே இருந்தது. அப்பா உன் போட்டோவை எல்லாம் கழற்றிவிட்டார் அக்கா. குடும்பப் போட்டோவில்கூட உன் பக்கம் மடிக்கப்பட்டிருக்கிறது. என்னால் அழிக்க முடியவில்லை.

அதனால்தான் மாற்றுகிறேன். இப்படி மாற்றினால் பழைய மெஷினில் எதுவும் தங்காது. இது நகல் எடுப்பது இல்லை. அங்கிருந்து கிளம்பி இங்கே வந்துவிடும். நீ டவுன்லோடு செய்த விளையாட்டுகள், நீ எங்கெங்கே நிறுத்தினாயோ அந்த இடங்கள், கடிதங்கள், எல்லாமே வரும். ஆனால் என் நீலத்தில் இருந்ததற்கு இடம் இல்லை. என் பண்ணை, வாத்துகள், நீ வாங்கிக் கொடுத்த அந்த மஞ்சள் வீடு போய்விட்டன. சம்மதமா என்று இரண்டு தடவை கேட்டது. சம்மதம் என்று அழுத்தினேன். அந்த விளையாட்டுகளை விற்ற ஆன்லைன் கடையும் மூடிவிட்டார்களாம், இனி வாங்கவும் முடியாது. நீ வருத்தப்படாதே. நான் பதினொன்றாம் வகுப்புக்குப் போகிறவள், வாத்து வைத்து என்ன செய்யப் போகிறேன்.

பதினொன்றாம் வகுப்பு என்று எழுதிவிட்டேன். ரிசல்ட் வந்துவிட்டது, நானூற்று நாற்பத்தொன்று. கணக்கில்தான் அதிகம். யாரும் மார்க் கேட்கவில்லை. “ஒருத்தி படிச்சுக் கிழிச்சது பத்தாதா” என்றார் சித்தப்பா. அப்பா இப்போதெல்லாம் எதற்கும் எதுவும் சொல்வதில்லை. திடீர் மழையில் பாத்தியெல்லாம் கரைந்துவிட்டது, ஆனாலும் இருட்டோடு போய் இருட்டோடு வருகிறார். பங்குச் சாமியார் வந்து, “செல்வி மேஜர், சவரிநாதன். எங்கியோ நல்லா இருக்கட்டும்னு விடுப்பா” என்றார். அப்பா தலையைக் குனிந்துகொண்டே இருந்தார். “புள்ள குட்டி இருந்தா இல்ல ஃபாதர் உங்களுக்குத் தெரியும்” என்றார் சித்தப்பா. சாமியார் டீயைக் குடிக்காமலேயே போய்விட்டார்.

உன்னைப் பேசிக் கூட்டிவரத்தான் போவதாக எல்லோரிடமும் சொல்கிறார்கள். ராத்திரி சாப்பிடும்போதே யார் யார் போவது என்று பேசினார்கள். வேனில் பின்சீட்டைக் கழற்றிவிட்டார்கள். இருக்கிற சீட்டில் சித்தப்பா, அப்பா, அந்த இரண்டு பேர், டிரைவர், அவ்வளவுதான். சோறு போட்டுக்கொண்டிருந்த அம்மா, “திரும்பி வரும்போது எம் பொண்ணு எங்க உக்காருவா?” என்று கேட்டாள். அப்பா கை கழுவ எழுந்து போய்விட்டார்.

கரண்ட் போய்விட்டது.

இது கொஞ்ச நேரம் கழித்து எழுதுவது. இன்னும் கரண்ட் வரவில்லை, எழுத்து கோணலாக இருக்கும்.

ஒரே ஒரு சார்ஜர்தான் இருக்கிறது, அதைச் சிவப்பில் போட்டிருந்தேன். உப்புக்காற்றில் அதன் முனை அரித்துப்போயிருப்பதால் ஆட்டி ஆட்டித்தான் நிற்க வைக்க வேண்டும். கரண்ட் போனதும் சிவப்பில் பேட்டரி விளக்கு சிமிட்ட ஆரம்பித்தது. கோடு முக்கால்வாசிதான் வந்திருந்தது. ஃபேன் நின்றதால் சித்தப்பா விழித்துவிட்டார். பாய் சுருட்டும் சத்தம் கேட்டது. அப்புறம் தண்ணீர் எங்கே என்று கேட்டுக்கொண்டே சமையலறைப் பக்கம் வந்தார். இரண்டு திரையும் இருட்டில் அப்படி வெளிச்சமாக இருந்தன. மூடவும் முடியாது. பாவாடையை மேலே விரித்தேன், அதையும் மீறி வெளிச்சம் தெரிந்தது.

அப்போது அம்மாவின் குரல் கேட்டது. எப்போது எழுந்து வந்தாளோ, கதவில் குறுக்கே நின்றிருந்தாள். “உள்ள வராதீங்க தம்பி, லிடியா வீட்டுக்குத் தூரம். வயித்து வலின்னு அங்க உக்காந்துக்கினு இருக்கா. நான் மொண்டு தர்றேன்” என்றாள். சித்தப்பா அப்படியே நின்றுவிட்டார். “உள்ள இன்னா வெளிச்சம்?” என்று கேட்டார். “எம் போனுதான். இருட்டுல பொம்பளப் புள்ள துணி மாத்த வேணாமா?” என்றாள் அம்மா. அவர் தண்ணீரைக்கூட வாங்காமல் திரும்பிப் போய்விட்டார். நம் அம்மா பொய் சொல்லி நான் கேட்டதே இல்லை. அவள் போன் உண்மையில் என் பக்கத்தில்தான் இருந்தது. நெட்டுக்காக நான் கேட்காமல் எடுத்திருந்தேன்.

பீரோ சாவி எப்போதும் அவள் இடுப்பில்தான் இருக்கும். இன்றைக்கு ஃப்ரிட்ஜ் மேலே கிடந்தது. மறந்து வைத்துவிட்டாள் என்று நினைத்திருந்தேன்.

அம்மா கதவில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்துகொண்டாள். “அவ எழுத்து இதுலதான் இருக்குதா?” என்று மெதுவாகக் கேட்டாள். தலையாட்டினேன். “அவகிட்ட போயிடுமா?” என்றாள். போய்விடும் என்றேன். எனக்குத் தெரியாது அக்கா, அப்போது விளக்கு சிமிட்டிக்கொண்டே இருந்தது. அம்மா வாய்க்குள் அருள் நிறைந்த மரியே சொல்ல ஆரம்பித்தாள். நான் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். கரண்ட் வரவில்லை. பேட்டரி நின்றது.

நின்றது என்றால் அணையவில்லை, தாக்குப்பிடித்தது. கோடு முடிந்தது. சிவப்பு தானே ஒருமுறை அணைந்து எழுந்து, எந்த மொழி வேண்டும், இன்றைக்கு என்ன தேதி, உன் பெயர் என்ன என்று ஒன்றும் தெரியாததுபோல் கேட்டது. உன் பெயரையே போட்டேன். மீன்பிடி கார்டைச் செருகி, அந்த விளையாட்டு கார்டிலேயே பதிவாகும் என்பதால், சித்தப்பா பிடித்த மீன் அதில் இருக்கிறதா என்று பார்த்தேன். இருக்கிறது. துடைத்து, பீரோவில் அதே இடத்தில் வைத்துப் பூட்டிவிட்டு, சாவியை அம்மாவிடம் கொடுத்தேன்.

நீலத்தைத் துணியில் சுற்றி, இந்தக் கடிதத்தோடு தனக்கோடி அக்காவிடம் கொடுக்கப்போகிறேன். உன்னோடு கெஸ்ட் ஹவுஸில் வேலை செய்தவள்தானே, முதல் பஸ்ஸுக்குப் போகும்போது நம் தெருக் குழாயில் நிற்பாள். அதை நடத்துகிற மேடத்திடம் கொடுத்தால் உன்னிடம் சேர்ப்பார்கள் என்கிறாள் அம்மா. நீலம் எங்கே என்று இங்கே கேட்டால், கூடப் படிக்கிற மெர்லின் வாங்கிப்போயிருக்கிறாள் என்று சொல்லிக்கொள்வேன்.

ஆனால் சித்தப்பா முட்டாள் இல்லை அக்கா. ராத்திரி திறந்தபோது திரை முழுக்கப் படங்கள் இருந்தன, நாளைக்கு ஒன்றுதான் இருக்கும். திண்டிவனத்தான் இது புதிதாக அழித்த மெஷின் என்று சொன்னாலும் சொல்லுவான். அப்புறம் என்னிடம்தான் வருவார்கள். எனக்கு இப்போது உன் ஊர் தெரியும், தெருவும் தெரியும். படிக்காமல் இருந்திருக்கலாம். நான் சொல்லமாட்டேன் என்றுதான் நினைக்கிறேன். ஆனால் நான் தைரியசாலி இல்லை என்று உனக்குத் தெரியும். அம்மாவை என் முன்னால் நிறுத்தி வைத்துக் கேட்டால் என்ன செய்வேன் என்று எனக்கே தெரியவில்லை.

அதனால் இது கிடைத்த உடனே அந்த அறையை விட்டுக் கிளம்பிவிடுங்கள். சாமான் எடுக்க நிற்க வேண்டாம். எங்கே போகிறீர்கள் என்று யாரிடமும் சொல்லாதே. மேடத்திடமும் வேண்டாம், என்னிடமும் வேண்டாம்.

அம்மா ஒன்று எழுதச் சொல்கிறாள். “எனக்கு உடம்பு முடியலன்னு சொல்லுவாங்க, செத்துட்டேன்னுகூட சொல்லுவாங்க. அடக்கத்துக்குக்கூட வரவேணாம்னு எழுது” என்கிறாள். எழுதிவிட்டேன்.

நான் போன் செய்து அழுதாலும் வராதே. அப்பா மனசு மாறிவிட்டார், வா அக்கா என்று நானே கூப்பிட்டாலும் வராதே. என் பக்கத்தில் யாரோ நிற்கிறார்கள் என்று புரிந்துகொண்டு, பேசாமல் வைத்துவிடு.

எனக்குத் தெரியாத ஒரு ஊரில் நீ நன்றாக இரு அக்கா.

உன் தங்கை,
லிடியா